மாயன் இடிபாடுகளும் செனோட்டே குளியலும் ஒரே நாளில்: தனி வண்டி, தனி கைடோடு போக முழுமையான வழிகாட்டி

மெக்சிகோவின் யுகத்தான் தீபகற்பத்துக்கு நான் இரண்டு முறை போயிருக்கிறேன். முதல் முறை கான்குன் என்ற கடற்கரை நகரத்து ஹோட்டல் வாசலில் வந்து ஏற்றிக்கொண்ட பெரிய பேருந்தில், ஐம்பது பேரோடு. வழியில் ஒரு நினைவுப்பொருள் கடையில் ஒன்றேகால் மணி நேரம் நிறுத்தினார்கள், சிச்சென் இட்சா என்ற பழைய மாயன் நகரத்தின் வாசலில் இறங்கும்போது பகல் பன்னிரண்டரை, மண்டை பிளக்கும் வெயில், உள்ளே பார்க்கக் கிடைத்தது ஒன்றரை மணி நேரம். அன்று அம்மா பிரமிடைப் பார்த்ததைவிட நிழலைத் தேடியதுதான் அதிகம். இரண்டாவது முறை அதே அம்மா, அப்பா, ஆறு வயது மகள் என எல்லோரும் ஒரு தனி வண்டியில், ஒரு மாயன் கைடோடு போனோம். அதே இடம்தானா என்று கேட்கும் அளவுக்கு இருந்தது. அந்த இரண்டாவது நாளை எப்படி அமைத்தோம் என்பதைத்தான் படிப்படியாக எழுதுகிறேன்.

ஒன்றை மட்டும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இடிபாடுகள் ஒரு சுற்றுலா, செனோட்டே குளியல் இன்னொரு சுற்றுலா என்று பிரித்துப் பார்க்காதீர்கள். வட யுகத்தானில் தரைக்கு மேல் ஓடும் ஆறு என்று சொல்லும்படி எதுவும் கிடையாது. தரை முழுக்கச் சுண்ணாம்புக்கல், பெய்யும் மழை அப்படியே உள்ளே இறங்கி நிலத்தடியில் ஓடுகிறது. மேற்கூரை இடிந்து விழுந்த இடங்களில் அந்தத் தண்ணீர் வெளியே தெரிகிறது, அதுதான் செனோட்டே. மாயன் மொழியில் த்சோனோத், ஸ்பானியர்கள் வாயில் அது செனோட்டே ஆனது. தண்ணீர் இருந்த இடத்தில்தான் ஊர் எழுந்தது. சிச்சென் இட்சா என்ற பெயருக்கே ‘இட்சா மக்களின் கிணற்று வாய்’ என்றுதான் பொருள். காலையில் கல்லைப் பார்த்துவிட்டு மதியம் தண்ணீரில் இறங்கும்போது, அந்த ஊர் ஏன் அங்கே இருக்கிறது என்பது தானாகப் புரியும்.

எங்கே தங்கி, எங்கிருந்து கிளம்புவது

முடிந்தால் முதல் நாள் இரவே வயதோலித் ஊருக்குப் போய்த் தங்கிவிடுங்கள். 1543-இல் ஸ்பானியர்கள் நிறுவிய ஊர், ஓடு வேய்ந்த வீடுகள், நடுவில் மரங்கள் அடர்ந்த சதுக்கம், ஊருக்கு நடுவிலேயே சாசி என்றொரு செனோட்டே. 1847-இல் மாயன் மக்கள் ஆரம்பித்த நீண்ட கிளர்ச்சி, அதாவது சாதிப் போர் என்று வரலாற்றில் சொல்லப்படுவது, இந்தப் பகுதியில்தான் மூண்டது. சிச்சென் இட்சாவுக்கு இங்கிருந்து முக்கால் மணி நேரம், எக் பாலம் என்ற இன்னொரு மாயன் இடிபாட்டுக்கு அரை மணி நேரம், நல்ல செனோட்டேகள் பலவும் பத்து இருபது நிமிடத் தொலைவில். விமானத்தில் வந்து இறங்குவது கான்குன் என்றாலும், கடற்கரை ஹோட்டலில் ஒரு இரவைக் குறைத்துக்கொண்டு இங்கே ஒரு இரவு தங்குவது லாபம்.

கான்குனிலிருந்தே போய்வரத்தான் வேண்டும் என்றால் ஒரு பக்கம் சுமார் 200 கிலோமீட்டர், சுங்கச்சாலையில் இரண்டரை மணி நேரம். இங்கேதான் பலர் கோட்டை விடுவது: கான்குனும் துலுமும் இருக்கும் கிந்தானா ரோ மாநிலத்துக்கு ஒரு நேரம், சிச்சென் இட்சாவும் வயதோலித்தும் இருக்கும் யுகத்தான் மாநிலத்துக்கு ஒரு மணி நேரம் பின்தங்கிய இன்னொரு நேரம். போகும்போது அந்த ஒரு மணி நேரம் உங்களுக்குச் சும்மா கிடைக்கிறது. கான்குனில் 6:15-க்குக் கிளம்பினால் சிச்சென் வாசலில் உள்ளூர் நேரம் 7:45, கதவு திறப்பது 8 மணிக்கு. ஆனால் திரும்பும்போது அதே ஒரு மணி நேரத்தைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். கைடோடு நேரம் பேசும்போது ‘எந்த ஊர் மணி’ என்று கேட்டு, எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். போன் தானாக மாறிக்கொள்ளும் என்று நம்பாதீர்கள், மாநில எல்லையில் அது எந்தக் கோபுரத்தைப் பிடிக்கிறதோ அந்த மணியைத்தான் காட்டும்.

விசா பற்றி ஒரு வரி. இந்தியக் கடவுச்சீட்டு உள்ளவர்களிடம் செல்லுபடியாகும் அமெரிக்கா, கனடா, பிரிட்டன், ஜப்பான், ஷெங்கன் விசாக்களில் ஒன்று இருந்தால் மெக்சிகோவுக்குத் தனி விசா எடுக்க வேண்டியதில்லை. கிளம்பும் முன் தூதரகப் பக்கத்தில் ஒருமுறை சரிபார்த்துவிடுங்கள், விதிகள் மாறக்கூடியவை.

எந்த மாதம் என்று கேட்டால் நவம்பர் முதல் மார்ச் வரை. ஏப்ரல், மே மாத வெயில் நம் ஊர் அக்னி நட்சத்திரத்துக்குக் கொஞ்சமும் குறைந்ததில்லை. ஜூனிலிருந்து அக்டோபர் வரை மழை, பெரும்பாலும் மதியத்துக்கு மேல். ஞாயிற்றுக்கிழமையைத் தவிருங்கள், அன்று மெக்சிகோ மக்களுக்கு அனுமதிக் கட்டணம் இல்லை என்பதால் கூட்டம் நெரியும். அது அவர்களுடைய சொத்து, அவர்களுடைய நாள், நாம் செவ்வாயோ புதனோ போனால் போகிறது. சம இரவு நாளான மார்ச் 20-ஐ ஒட்டி மாலையில் பிரமிடின் வடக்குப் படிக்கட்டுச் சுவரில் முக்கோண நிழல்கள் விழுந்து பாம்பு இறங்குவது போலத் தெரியும், அதைப் பார்க்கப் பெருங்கூட்டம் கூடும். சின்னக் குழந்தையோ வயதானவர்களோ கூட இருந்தால் அந்த வாரமே வேண்டாம்.

கைடைப் பிடிப்பது

இந்த நாளின் பாதி வெற்றி இதில் இருக்கிறது, அதனால் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன். தனிச் சுற்றுலா என்று விளம்பரம் செய்பவர்களில் இரண்டு வகை உண்டு. ஒன்று, வண்டியும் ஓட்டுநரும் மட்டும். அவர் உங்களை வாசலில் இறக்கிவிட்டு வெளியே காத்திருப்பார். இன்னொன்று, மத்தியச் சுற்றுலாத் துறையின் அடையாள அட்டை வைத்திருக்கும் கைடு கூடவே உள்ளே வருவது. தொல்லியல் தளத்துக்குள் விளக்கிச் சொல்ல அந்த அட்டை வேண்டும், கழுத்தில் தொங்கவிட்டிருப்பார்கள். நீங்கள் பணம் கட்டுவது இதில் எதற்கு என்று முதலில் தெளிவாகக் கேளுங்கள். வெறும் வண்டி என்றாலும் பிழையில்லை, சிச்சென் வாசலிலேயே அட்டை வைத்திருக்கும் கைடுகளைக் குழுவுக்கு இவ்வளவு என்று பேசிக் கூட்டிக்கொள்ளலாம். ஆனால் கடைசிவரை கூடவே வரும் ஒரே ஆள் என்றால் அந்தப் பேச்சு வண்டியிலும் சாப்பாட்டு மேசையிலும் தொடரும், அது தனி ருசி.

கட்டணம் தலைக்கா வண்டிக்கா என்று கேளுங்கள். தனி வண்டிக்குப் பெரும்பாலும் வண்டிக்கு இவ்வளவு என்றுதான் இருக்கும், நான்கைந்து பேர் சேர்ந்தால் பேருந்துச் சுற்றுலாவுக்கும் இதற்கும் உள்ள இடைவெளி நன்றாகக் குறைந்துவிடும். அப்புறம், நுழைவுச்சீட்டு அதில் அடக்கமா? சிச்சென் இட்சாவில் மாநில அரசுக்கு ஒன்று, மத்தியத் தொல்லியல் நிறுவனத்துக்கு ஒன்று என்று இரண்டு சீட்டு வாங்க வேண்டும், இரண்டும் சேர்ந்து வெளிநாட்டவருக்குத் தலைக்கு 600 பெசோவைத் தாண்டும். ஆண்டுதோறும் ஏறும் தொகை இது, நான்கு பேருக்குக் கணக்குப் போட்டுப் பாருங்கள். எக் பாலத்திலும் இதே இரட்டைச் சீட்டுதான்.

அடுத்து, ‘கடையில் நிறுத்த வேண்டாம்’ என்று வெளிப்படையாக எழுதிவிடுங்கள். முதல் முறை சொல்லாமல் விட்டதற்கு எங்களுக்கு ஒன்றேகால் மணி நேரம் போனது. கைவினைப் பொருள் வாங்க ஆசை இருந்தால் சிச்சென் உள்ளேயே சுற்றுவட்டார ஊர்க்காரர்கள் விரித்து வைத்திருக்கிறார்கள், அவர்களிடம் வாங்கினால் காசு நேராக அவர்கள் கைக்குப் போகும். குழந்தை இருக்கை வேண்டுமா, சைவச் சாப்பாடு வேண்டுமா, யாருக்காவது முழங்கால் வலியா, நீச்சல் தெரியாதவர் எத்தனை பேர், இவை எல்லாவற்றையும் முதல் செய்தியிலேயே சொல்லிவிடுங்கள். நல்ல கைடு இவற்றைக் கேட்டதும் திட்டத்தை மாற்றித் தருவார். எங்கள் கைடு அப்பாவின் முழங்காலைப் பற்றிக் கேள்விப்பட்டதும், படி குறைவான செனோட்டே ஒன்றுக்குத் தானாகவே மாற்றிக்கொடுத்தார்.

முடிந்தால் யுகத்தான் மாயன் பேசுபவராகத் தேடுங்கள். மாயன்கள் அழிந்துபோனார்கள் என்று பள்ளிப் புத்தகத்தில் படித்த நினைவோடு அங்கே போகாதீர்கள். அவர்கள் எங்கும் போகவில்லை, பல லட்சம் பேர் இன்றும் அந்த மொழியை வீட்டில் பேசுகிறார்கள். எங்கள் கைடு பாட்டியிடம் போனில் பேசியது அந்த மொழியில்தான். 1562-இல் மானி என்ற ஊரில் தியேகோ தெ லாந்தா என்ற பாதிரியார் மாயன் சுவடிகளைக் குவித்து எரித்தார், உலகில் இன்று மிஞ்சியிருப்பவை நான்கே நான்கு. ஏடுகளைக் கரையானுக்கும் நெருப்புக்கும் கொடுத்த கதை தெரிந்த நமக்கு இதை அந்த ஊர்க்காரர் வாயால் கேட்கும்போது தொண்டை அடைக்கும்.

முதல் நாள் இரவு பையில் வைக்க வேண்டியவை

தொப்பி, ஆளுக்கு ஒன்றரை லிட்டராவது தண்ணீர், பிடிப்புள்ள செருப்பு அல்லது தண்ணீரில் போடும் ஷூ, துண்டு, மாற்றுடை, ஈர உடைக்கு ஒரு பிளாஸ்டிக் பை. பெசோவில் ரொக்கம் கட்டாயம், ஊர்க்காரர்கள் நடத்தும் செனோட்டேகளில் பெரும்பாலும் அட்டை எடுபடாது. ட்ரோன் வேண்டாம், தொல்லியல் தளங்களில் தடை. கேமரா முக்காலிக்கும் தனி அனுமதி வேண்டும், வீட்டிலேயே விட்டுவிடுங்கள்.

குளிக்கப் பருத்தி உடை சரிப்படாது, நனைந்தால் கனத்து இழுக்கும். நீச்சலுடை போடத் தயங்கும் பெண்கள் நைலான் லெக்கிங்ஸும் முழுக்கை நீச்சல் சட்டையும் போட்டுக்கொள்ளலாம், அம்மா அப்படித்தான் இறங்கினார்கள், யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

இனி முக்கியமான ஒன்று. அன்று காலை தலைக்கு எண்ணெய் வைக்காதீர்கள். சன்ஸ்கிரீன், கொசு மருந்து, வாசனைத் திரவியம் எதுவும் செனோட்டேயில் இறங்கும்போது உடம்பில் இருக்கக் கூடாது, ‘இயற்கையானது’ என்று புட்டியில் போட்டிருந்தாலும் சரி. அந்தத் தண்ணீர் அந்தத் தீபகற்பத்தின் குடிநீர். நிலத்தடியில் ஒன்றோடொன்று கோர்த்துக் கிடக்கிறது. துலும் அருகே சாக் அக்துன் என்ற நீரடிக் குகைத்தொடர், பக்கத்திலிருந்த இன்னொரு குகைத்தொடரோடு இணைவதை 2018-இல் முக்குளிப்பவர்கள் கண்டுபிடித்தபோது அதன் நீளம் 347 கிலோமீட்டர் என்று கணக்கிட்டார்கள். இங்கே கரையும் எண்ணெய் எங்கோ ஒரு வீட்டுக் கிணற்றுக்குப் போகும். வெயிலுக்கு முழுக்கைச் சட்டையும் தொப்பியும் போதும்.

காலை 8 மணி: சிச்சென் இட்சா

கதவு திறந்ததும் எங்கும் நிற்காமல் நேராக குகுல்கான் பிரமிடுக்கு நடங்கள். முதல் இருபது நிமிடம் அந்தப் புல்வெளி காலியாக இருக்கும், பனி ஈரம் காயாமல் இருக்கும், இகுவானாக்கள் வெயிலுக்காகக் கல்லில் ஏறிக்கொண்டிருக்கும். படம் எடுக்கவும் சும்மா நிற்கவும் அதுதான் நேரம். ஒன்பதரைக்கு மேல் பேருந்துகள் வர ஆரம்பித்துவிடும்.

பிரமிடுக்கு நான்கு பக்கமும் 91 படிகள், மேலே உள்ள மேடையையும் சேர்த்தால் 365. ஒன்பது அடுக்குகள், உச்சிக் கோயிலோடு சேர்த்து சுமார் 30 மீட்டர் உயரம். 2006-லிருந்து யாரையும் ஏற விடுவதில்லை. நாம் பார்ப்பது மேல் சட்டை மட்டும்தான், உள்ளே இன்னொரு பிரமிடு இருப்பது 1930-களில் தெரியவந்தது. ஜேட் என்ற பச்சைக் கல் பதித்த சிவப்புச் சிறுத்தை ஆசனம் ஒன்று அதற்குள் இருந்தது. அதற்கும் உள்ளே மூன்றாவதாக ஒன்று இருப்பதை 2016-இல், மின்சாரம் பாய்ச்சி அதற்கு எழும் தடையை அளக்கும் முறையில் கண்டார்கள். அதற்கு முந்தைய ஆண்டு அதே முறையில் பார்த்தபோது, பிரமிடுக்கு அடியிலேயே ஒரு செனோட்டே இருப்பதற்கான தடயம் கிடைத்தது. மொத்தக் கட்டடமும் தண்ணீர் மேல்தான் உட்கார்ந்திருக்கிறது.

வடக்குப் படிக்கட்டுக்கு நேர் எதிரே கொஞ்சம் தள்ளி நின்று ஒருமுறை கை தட்டுங்கள். மகள் தட்டினாள். திரும்பி வந்தது கை தட்டல் அல்ல, மேலிருந்து கீழே வழுக்கும் ஒரு ‘ச்சியூங்’, பறவைக் குரல். கெட்சால் பறவையின் குரல் என்பார்கள். காரணம் படிகள்தான்: ஒவ்வொரு படியும் ஒலியைத் தனித்தனியாகத் திருப்பி அனுப்புகிறது, மேல் படிகளிலிருந்து வருபவை கொஞ்சம் கொஞ்சமாக இடைவெளி கூடி வந்து சேர்கின்றன, அதனால் சுருதி இறங்குகிறது. கூட்டம் வந்த பிறகு ஐம்பது பேர் ஒரே நேரத்தில் தட்டுவார்கள், அதில் இது கேட்காது. எட்டே காலுக்குத் தட்டுங்கள்.

அடுத்து பந்தாட்டக் களம். 168 மீட்டர் நீளம், 70 மீட்டர் அகலம், பண்டைய நடு அமெரிக்காவில் இதைவிடப் பெரியது இல்லை. ரப்பர் பந்தை இடுப்பால் அடித்து விளையாடியது, கல் வளையம் சுவரில் எவ்வளவு உயரத்தில் இருக்கிறது என்று பார்த்தாலே இடுப்பு வலிக்கும். சுவரின் அடியில் தலை வெட்டப்பட்ட ஆட்டக்காரரின் சிற்பத்தைக் குனிந்து பாருங்கள், கழுத்திலிருந்து பீறிடும் ரத்தம் பாம்புகளாக நெளியும். வென்றவரைத்தான் பலி கொடுத்தார்கள் என்று பல கைடுகள் சொல்வார்கள், அதற்கு உறுதியான சான்று கிடையாது. எங்கள் கைடு அதை நேராகவே சொன்னார், அதிலேயே அவர் மேல் எனக்கு மரியாதை கூடிவிட்டது.

அங்கிருந்து வெள்ளைச் சாலை என்ற பொருள் தரும் சக்பே வழியாக வடக்கே ஐந்து நிமிடம் நடந்தால் புனித செனோட்டே. குளிக்க அனுமதி இல்லை, விளிம்பில் நின்று பார்ப்பது மட்டும். சுமார் 60 மீட்டர் குறுக்களவுள்ள செங்குத்துக் கிணறு, அடியில் பாசிப் பச்சைத் தண்ணீர். மழைத் தெய்வமான சாக்குக்கு இங்கேதான் காணிக்கை போட்டார்கள்: தங்கம், ஜேட், நம் சாம்பிராணி போல மணக்கும் கோபால் பிசின், மனிதர்களும்கூட. 1904-லிருந்து எட்வர்ட் தாம்சன் என்ற அமெரிக்கத் துணைத் தூதர் வாளிபோட்டுத் தூர்வாரி எடுத்த பொருள்களில் பெரும்பகுதி ஹார்வர்டு அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டது. அடியில் சுமார் 4 மீட்டர் கனத்துக்கு நீலச் சேறு இருந்ததாம். காணிக்கைகளுக்குப் பூசிய மாயன் நீலம் தண்ணீரில் கழுவப்பட்டு, நூற்றாண்டுகளாகப் படிந்தது அது. அந்த நீலம் ஒரு வகைக் களிமண்ணையும் நம் அவுரிக்கு உறவான செடியின் சாயத்தையும் சேர்த்துச் செய்தது.

கன்னிப் பெண்களைத் தள்ளினார்கள் என்ற கதை இந்த விளிம்பில் இன்னும் சொல்லப்படுகிறது. இதற்குப் பக்கத்தில் ஒரு நிலத்தடி அறையில் 1967-இல் கிடைத்த எலும்புகளில் 64 பேரின் மரபணுவை ஆராய்ந்து 2024-இல் முடிவை வெளியிட்டார்கள். அத்தனையும் ஆண் குழந்தைகள், அதில் இரண்டு ஜோடி ஒத்த இரட்டையர்கள். மகள் பக்கத்தில் இருந்ததால் கைடு இதை என்னிடம் மெதுவாகச் சொன்னார். கேட்டபின் அந்தப் பச்சைத் தண்ணீரை வெகுநேரம் பார்க்க முடியவில்லை. ஊர் குடிக்கத் தண்ணீர் எடுத்தது இதில் இல்லை, தெற்கே உள்ள ஷ்தோலோக் என்ற இன்னொரு செனோட்டேயில்.

திரும்பி வந்து போர்வீரர் கோயில், ஆயிரம் தூண்கள் பார்த்துவிட்டு, பெரும்பாலோர் விட்டுவிடும் தெற்குப் பக்கத்துக்குப் போங்கள். நத்தை என்று பெயர் வாங்கிய வட்ட வானியல் கோபுரம் அங்கேதான். அதைத் தாண்டி, ஸ்பானியர்கள் ‘தேவாலயம்’ என்று பெயரிட்ட சின்னக் கட்டடத்தில் சாக் தெய்வத்தின் முகங்கள் அடுக்கடுக்காக, யானைத் துதிக்கை போல வளைந்த மூக்கோடு. மரநிழலும் உண்டு, கூட்டமும் குறைவு. அப்பா அந்தத் திண்டில் உட்கார்ந்து அரை மணி நேரம் எழுந்திருக்கவே இல்லை. பதினொன்றுக்கு வெளியே வந்துவிடுங்கள். மொத்தம் மூன்று மணி நேரம், போதும்.

பதினொன்றரை: முதல் குளியல்

இரண்டு செனோட்டே போங்கள், ஒன்று வானம் பார்த்தது, ஒன்று குகைக்குள் இருப்பது. இரண்டும் இரண்டு அனுபவம். மூன்றாவது வேண்டாம், உடம்பு தாங்காது, எல்லாம் ஒன்றாகக் குழம்பிவிடும்.

சிச்சென் பக்கத்தில் எல்லோரும் போவது மூன்று கிலோமீட்டரில் உள்ள இக் கில். தரையிலிருந்து 26 மீட்டர் கீழே தண்ணீர், மேலிருந்து வேர்களும் கொடிகளும் திரைபோலத் தொங்கும், அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் நண்பகலில் எல்லாப் பேருந்தும் அங்கேதான் வந்து கொட்டும். என்னைக் கேட்டால் மேற்கே இருபது நிமிடம் தள்ளி இருக்கும் யோக்த்சோனோத். ஊர்ப் பெண்கள் கூட்டுறவாகச் சேர்ந்து, குப்பை மண்டிக் கிடந்த இடத்தைச் சுத்தம்செய்து அவர்களே நடத்துகிறார்கள். டிக்கெட் கிழிப்பதும் சமைப்பதும் அவர்களே.

முதலில் ஷவரில் சோப்பில்லாமல் நன்றாகக் கழுவிக்கொண்டு, லைஃப் ஜாக்கெட்டை வயிற்றுப் பட்டை இறுகும் அளவுக்கு மாட்டி, மரப்படிகளில் கைப்பிடியை விடாமல் இறங்குங்கள். படி எப்போதும் ஈரம். ஒன்றை நினைவில் வையுங்கள்: இதுபோன்ற செனோட்டேக்குக் கரை என்பது இல்லை. நம் ஊர்க் குளம்போல முழங்கால், இடுப்பு என்று ஆழம் ஏறாது, கடைசிப் படியை விட்டால் அடுத்தது முப்பது நாற்பது மீட்டர். அதனால் நீச்சல் தெரிந்தவர்களும் ஜாக்கெட் போடுங்கள். குறுக்கே கயிறு கட்டியிருப்பார்கள், தெரியாதவர்கள் அதைப் பிடித்துக்கொண்டு மிதந்தாலே போதும். தண்ணீர் ஆண்டு முழுக்க 25 டிகிரி அளவில், வெயிலிலிருந்து இறங்கும்போது முதல் நொடி மூச்சு வாங்கும், அப்புறம் பழகிவிடும்.

நீச்சல் தெரியாத அம்மா கயிற்றைப் பிடித்துக்கொண்டு மல்லாந்து மிதந்தார்கள். மேலே வட்டமாக வானம், சுவரில் ஈரம் சொட்டும் பெரணி. ஒரு பொந்திலிருந்து நீலப் பச்சைப் பறவை ஒன்று வந்து உட்கார்ந்தது, வால் நுனியில் இரண்டு சின்ன மட்டைகள்போல இறகு, அதைக் கடிகாரப் பெண்டுலம்போல இப்படியும் அப்படியும் ஆட்டியது. கைடு மேலிருந்து ‘தோ!’ என்றார். அதுதான் அதன் மாயன் பெயர். செனோட்டே சுவர்களில் கூடு கட்டும், காட்டில் இந்தப் பறவையைக் கண்டால் பக்கத்தில் தண்ணீர் இருக்கும் என்று பெரியவர்கள் சொல்வார்களாம்.

சாப்பாடு

குளித்துவிட்டு வந்ததும் பசி கிள்ளும். அசைவம் சாப்பிடுபவர்களுக்குக் கொச்சினிதா பிபில்: பன்றி இறைச்சியை ஆச்சியோத்தே விதை விழுதும் புளிப்பு ஆரஞ்சும் பூசி, வாழை இலையில் சுற்றி மண் குழியில் வேகவைத்தது. பன்றி வேண்டாம் என்றால் எலுமிச்சை மணக்கும் சோப்பா தெ லிமா, அதில் கோழி இருக்கும். சைவர்களுக்கு சிகில் பாக் இருக்கிறது, வறுத்த பூசணி விதையும் தக்காளியும் அரைத்த துவையல், நம் வீட்டுச் சட்னியின் ஒன்றுவிட்ட தங்கை. முட்டை சாப்பிடுவீர்கள் என்றால் பாபாட்சூலெஸ், பூசணி விதைக் குழம்பில் தோய்த்த சோள ரொட்டிக்குள் அவித்த முட்டை. பீன்ஸ் மசியலைப் பன்றிக் கொழுப்பில் தாளிக்கும் வழக்கம் உண்டு, அதனால் ‘சின் கார்னே, சின் போயோ, சின் மந்தேகா’ என்று மூன்றையும் சொல்லுங்கள்: இறைச்சி இல்லாமல், கோழி இல்லாமல், கொழுப்பு இல்லாமல். மேசையிலிருக்கும் ஆபனேரோ மிளகாயை நாம் பார்க்காத காரமா என்று கரண்டியால் அள்ளாதீர்கள், நுனி விரலில் தொட்டுப் பாருங்கள்.

மதியம்: குகைக்குள்

வயதோலித்துக்குத் திரும்பும் வழியில், ஊருக்கு ஏழு கிலோமீட்டர் முன்னால் சித்நுப் என்ற இடத்தில் அடுத்தடுத்து இரண்டு குகைச் செனோட்டேகள், ஷ்கெக்கென், சமுலா. முதலாவதன் பெயருக்குப் பன்றி என்று பொருள். தொலைந்த பன்றியைத் தேடிப் போனவர் கண்டுபிடித்தது என்பது ஊர்க்கதை. குனிந்துதான் உள்ளே போக வேண்டும், உள்ளே கூரையிலிருந்து சுண்ணாம்புக் கூர்கள் தொங்க, நடுவில் ஒரு ஓட்டை வழியாக வெளிச்சம் ஒரு கம்பம்போல நீல நீரில் இறங்கும். சமுலாவில் மேலேயிருக்கும் மரத்தின் வேர்கள் குகைக் கூரையைத் துளைத்துத் தண்ணீரைத் தொடக் கயிறுகளாக இறங்கி நிற்கின்றன. கல்லுக்கு நடுவே அந்த மரமும் நாமும் ஒரே தண்ணீரைத்தான் தேடி வந்திருக்கிறோம் என்று தோன்றியது. படியில் உட்கார்ந்து காலை விட்டால் சின்ன மீன்கள் வந்து பாதத்தைக் கொத்தும், கறுப்புக் கெளுத்தி ஒன்று மெதுவாக உரசிப் போகும். மகள் முதலில் அலறினாள், பிறகு வெளியே வரவே மறுத்தாள். வெளிச்சம் நன்றாக விழும் நேரம் நண்பகலை ஒட்டி, அதனால் இரண்டு மணிக்குள் போய்ச் சேரப் பாருங்கள்.

சிச்சென் வேண்டாம் என்பவர்களுக்கு

ஏற்கெனவே பார்த்தாயிற்று, அல்லது கூட்டமே ஆகாது என்றால் காலையில் எக் பாலம் போங்கள். சின்ன இடம், இரண்டு மணி நேரத்தில் முடியும். ஆனால் அங்கே இருக்கும் அக்ரோபோலிஸ் என்ற பெரிய கட்டடம் 160 மீட்டர் நீளம், 31 மீட்டர் உயரம், அதன் இடுப்பில் உகித் கான் லெக் தோக் என்ற அரசரின் கல்லறை. 770-இல் பட்டத்துக்கு வந்தவர். கல்லறையின் வாசல் முழுக்க ஒரு பூதத்தின் திறந்த வாய், கீழே பல் வரிசை, மேலே இறக்கை முளைத்த மனித உருவங்கள், எல்லாம் சுண்ணச் சுதையில். ஆயிரத்து இருநூறு ஆண்டுகளாக மண்ணுக்குள் மூடிக் கிடந்ததால் பெரும்பகுதி உடையாமல் நிற்கிறது. நம் கோபுரச் சுதைச் சிற்பம் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இது தனி விருந்து. மேலே ஏற விடுகிறார்களா என்பது காலத்துக்குக் காலம் மாறும், கைடிடம் அந்த வாரமே கேட்டுக்கொள்ளுங்கள். வாசலிலிருந்து ஒன்றரை கிலோமீட்டரில் ஷ்கான்சே செனோட்டே, நடந்தோ வாடகை சைக்கிளிலோ போகலாம். பிறகு சாப்பாட்டுக்கு வயதோலித், மதியம் சித்நுப். வயதானவர்கள் கூட இருந்தால் இந்தத் திட்டம்தான் நல்லது என்பேன்.

கிளம்பும்போது

கைடுக்கு டிப்ஸ் கட்டணத்தில் பத்திலிருந்து இருபது சதவீதம், ஓட்டுநர் தனி என்றால் அவருக்கும் தனியாக, பெசோவில், கையில். மாயன் மொழியில் நன்றிக்கு ‘தியோஸ் போத்திக்’. அப்பா அதைக் காலையிலிருந்து முணுமுணுத்துப் பழகி, வண்டியிலிருந்து இறங்கும்போது சொன்னார். கைடு அப்பாவின் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு மாயனிலேயே ஏதோ நீளமாகப் பதில் சொன்னார், எங்களுக்கு ஒரு சொல்லும் புரியவில்லை, அப்பா மட்டும் தலையாட்டிக்கொண்டே இருந்தார்.

கான்குன் திரும்ப வேண்டியவர்கள் வயதோலித்தில் ஐந்து மணிக்குக் கிளம்பினால் அங்கே மணி ஆறு, போய்ச் சேரும்போது எட்டு. அன்றிரவே விமானம் என்று மட்டும் வைத்துக்கொள்ளாதீர்கள்.